மதுரையைத் தனி வழிகாட்டியோடு நடந்து பார்ப்பது எப்படி: முழுமையான வழிகாட்டி

மதுரைக்கு வரும் குடும்பங்களின் நாள் பெரும்பாலும் ஒரே மாதிரிதான் போகிறது. விடியற்காலையில் வந்து இறங்குவது, லாட்ஜில் குளியல், மீனாட்சி அம்மன் தரிசனம், மதியச் சாப்பாடு, திருமலை நாயக்கர் மஹால், விளக்குத்தூண் பக்கம் ஒரு ஜிகர்தண்டா, இரவு வண்டி. கோயிலுக்கும் மஹாலுக்கும் நடுவில் இருக்கிற கொஞ்சத் தூரத்தை ஆட்டோவில் கடந்துவிடுகிறார்கள். எனக்கு அந்தத் தூரம்தான் மதுரை.

முடிக்காமல் விட்ட ராயகோபுரம், தெப்பம் தூர்ந்துபோய்ப் பெயர் மட்டும் மிஞ்சிய ஏழுகடல் தெரு, ஜவுளிக் கடைகளுக்கு நடுவே நிற்கும் அரண்மனைத் தூண்கள், கோட்டையை இடித்த கலெக்டரின் நினைவாக நட்ட விளக்குத்தூண் எல்லாமே நடந்து தொடக்கூடிய தூரத்தில் இருக்கின்றன. ஆனால் கடைப் பலகைகளுக்கும் கேபிள் வயர்களுக்கும் நடுவில் இவை தாமாகக் கண்ணில் படாது. தெரிந்த ஒருவர் கூட வந்து கையைக் காட்ட வேண்டும். அதற்காகத்தான் வழிகாட்டி. அதுவும் ஐம்பது பேர் கூட்டத்தோடு போகாமல், உங்கள் வீட்டார் நாலைந்து பேருக்கு மட்டும் என்று தனியாக ஒருவரை அரைநாள் அமர்த்திக்கொள்வதைப் பற்றித்தான் இங்கே எழுதுகிறேன்.

கோயிலுக்குள் சிலை சிலையாகச் சொல்ல ஆள் கிடைப்பது எளிது. தெருவைச் சொல்ல ஆள் கிடைப்பது அரிது. நீங்கள் தேட வேண்டியது அந்த இரண்டாவது வகை ஆளை.

முதல் வேலை: ஊரின் அமைப்பை மனதில் வாங்கிக்கொள்ளுங்கள்

நடுவில் கோயில். மதிலுக்குள்ளேயே ஆடி வீதி. வெளியே வந்தால் சித்திரை வீதி, அதைச் சுற்றி ஆவணி மூல வீதி, அதைச் சுற்றி மாசி வீதி, கடைசி வளையமாக வெளி வீதி. ஒவ்வொரு வீதிக்கும் நாலு பக்கம் உண்டு. ஊர்க்காரர்கள் கிழக்கைக் கீழ என்றும் மேற்கை மேல என்றும் சொல்வார்கள்: கீழமாசி வீதி, மேலமாசி வீதி. இது பிடிபட்டுவிட்டால் பழைய நகருக்குள் எங்கே விட்டாலும் வழி கண்டுபிடித்துவிடலாம்.

வீதிகளுக்கு மாதப் பெயர் வந்தது அந்தந்த மாதத் திருவிழாக்களால். அப்படியானால் சித்திரைத் திருவிழாத் தேர் ஏன் மாசி வீதிகளில் ஓடுகிறது? இந்தக் கேள்வியை வழிகாட்டியிடம் முதல் கால்மணி நேரத்துக்குள் கேட்டுவிடுங்கள். பெரிய திருவிழா முன்பு மாசியில் நடந்தது. திருமலை நாயக்கர் (ஆட்சி 1623 முதல் 1659 வரை) அதைச் சித்திரைக்கு மாற்றி, அழகர் ஆற்றில் இறங்கும் விழாவோடு சேர்த்தார் என்பது பதில். தேர் ஓடும் வீதி மட்டும் மாறவில்லை. இதை விவரமாகச் சொல்லத் தெரிந்தவர் என்றால் உங்களுக்கு நல்ல ஆள் கிடைத்திருக்கிறார் என்று தைரியமாக நடக்க ஆரம்பிக்கலாம்.

வெளி வளையத்துக்கு வேறு கதை. அங்கே நின்றது கோட்டை மதில். விசுவநாத நாயக்கர் 16ஆம் நூற்றாண்டில் பழைய பாண்டியர் கோட்டையை எடுத்துவிட்டுப் பெரிய கோட்டை கட்டினார். 1764இல், தங்களை எதிர்த்து நின்ற யூசுப் கானைப் (மருதநாயகம்) பிடிக்கக் கிழக்கிந்தியக் கம்பெனிப் படை மாதக்கணக்கில் முற்றுகையிட்டது இந்த மதிலைத்தான். 1840களில் கலெக்டர் பிளாக்பர்ன், ஊர் நெரிசலாக இருக்கிறது, காற்றோட்டம் இல்லை என்று மதிலை இடித்து அகழியைத் தூர்க்கச் செய்தார். இடித்துச் சமன்செய்பவர்களுக்கே அந்த நிலத்தைக் கொடுத்து வேலையை முடித்தார்கள். அப்போது நில அளவை பார்த்தவர் பெயரில் மாரட் வீதி, வேலையை மேற்பார்த்த மேஸ்திரியின் பெயரில் பெருமாள் மேஸ்திரி வீதி. பெரியார் பேருந்து நிலையம் பக்கம் கோட்டையின் ஒரு துண்டு இன்னும் நிற்கிறது. பஸ்ஸுக்குக் காத்திருப்பவர்கள் தினமும் அதைப் பார்க்கிறார்கள்.

இவ்வளவு தெரிந்துகொண்டு போனால் போதும். மிச்சத்தை நடையில் தெரிந்துகொள்வதுதான் சுகம்.

எந்த மாதம், எந்த நேரம்

நவம்பர் கடைசியிலிருந்து பிப்ரவரி வரை நல்ல காலம். மார்ச்சிலேயே வெயில் ஏறிவிடும். ஏப்ரல், மே மாதங்களில் காலை 9 மணிக்கு மேல் தார் ரோட்டில் குழந்தைகளை நடக்கவைப்பது கொடுமை. அக்டோபர், நவம்பரில் வடகிழக்குப் பருவமழை மாலையில் பெய்யும். அந்த மாதங்களில் காலை நடையையே வைத்துக்கொள்ளுங்கள்.

சித்திரைத் திருவிழா நாட்களில் வருவதானால் திருவிழாவைப் பாருங்கள், நடையை விட்டுவிடுங்கள். தோளோடு தோள் இடிக்கும் கூட்டத்தில் வழிகாட்டி சொல்வது உங்கள் காதில் விழாது. தீபாவளிக்கும் பொங்கலுக்கும் முந்தைய பத்து நாட்களும் அப்படியே, விளக்குத்தூண் பக்கம் கால் வைக்க முடியாது. கார்த்திகை, மார்கழி மாதங்களில் ஐயப்ப பக்தர்கள் கூட்டம் கோயிலை நிறைத்துவிடும். தெருவில் நடப்பதற்கு அது தடையில்லை.

நேரம் என்றால், காலை 6 மணிக்கு ஆரம்பம். கோயில் நடை மதியம் 12.30 வாக்கில் சாத்தினால் மாலை 4 மணிக்குத்தான் திறக்கும். மஹால் 9 மணிக்குத் திறக்கும். இந்த இரண்டையும் வைத்துத்தான் எல்லாத் திட்டமும் போட வேண்டும்.

வழிகாட்டியைப் பிடிப்பது

இந்தியச் சுற்றுலா அமைச்சகத்தின் உரிமம் பெற்ற வழிகாட்டிகள் மதுரையில் இருக்கிறார்கள். அடையாள அட்டை வைத்திருப்பார்கள். பார்க்கக் கேட்டால் தவறாக எடுத்துக்கொள்ள மாட்டார்கள். மேலவெளி வீதியில் இருக்கும் தமிழ்நாடு சுற்றுலாத் துறை அலுவலகத்தில் விசாரிக்கலாம், நீங்கள் தங்கும் ஓட்டலில் விசாரிக்கலாம். இரண்டிலும் சிறந்தது, ஊரில் இருக்கும் ஒரு பேராசிரியரையோ தமிழ் ஆசிரியரையோ தெரிந்தால் அவர் மூலம் விசாரிப்பது. தெருக்களை ஆண்டுக்கணக்கில் நடந்து பார்த்தவர்கள் யார் என்று அவர்களுக்குத் தெரிந்திருக்கும்.

கோபுர வாசலில் "சார், கைடு வேணுமா" என்று கூட வருபவரிடம் எடுத்த எடுப்பில் ஒத்துக்கொள்ள வேண்டாம். அவர்களில் நல்லவர்கள் இல்லை என்று சொல்லவில்லை. ஆனால் அவர்களுடைய தொழில் ஒருமணி நேரக் கோயில் சுற்று. உங்களுக்கு வேண்டியது நாலு மணி நேரத் தெரு நடை.

குறைந்தது ஒரு வாரம் முன்னாலேயே போன் செய்து பேசிவிடுங்கள். ஐந்து நிமிடப் பேச்சிலேயே ஆளைப் புரிந்துகொள்ளலாம். நான் கேட்பது இப்படித்தான் இருக்கும்:

"அண்ணே, கோயிலுக்குள்ள ஒருமணி நேரம் போதும். மிச்ச நேரம் தெருவுல நடக்கணும். விளக்குத்தூண், பத்துத்தூண் எல்லாம் கூட்டிட்டுப் போவீங்களா?"

"தாராளமா போலாம். ஆனா கீழமாசி வீதியில லாரி வந்து சரக்கு இறக்குவாங்க. நேரம் பார்த்து நடக்கணும். பெரியவங்க யாராவது வர்றாங்களா?"

இப்படித் திருப்பிக் கேட்பவரைப் பிடித்துக்கொள்ளுங்கள். சரக்கு இறங்கும் நேரம் தெரிந்திருக்கிறது, யார் வருகிறார்கள் என்ற அக்கறையும் இருக்கிறது. "அதெல்லாம் பாத்துக்கலாம் சார், வண்டி சொல்லவா?" என்று மட்டும் பதில் வந்தால், வேறு ஒருவரையும் விசாரித்துவிட்டு முடிவு செய்யுங்கள்.

இன்னொன்றை போனிலேயே சொல்லிவிட வேண்டும். மதுரை வழிகாட்டிகள் பலர் வெளிநாட்டுப் பயணிகளோடு ஆண்டுக்கணக்கில் பழகியவர்கள். அவர்களுக்கு அடி முதல் நுனி வரை விளக்குவார்கள். நம்மவர்கள் வந்தால் "உங்களுக்குத் தெரியாததா" என்று பாதியைத் தாண்டிப் போய்விடுவார்கள். மரியாதைக்காகச் செய்வதுதான், ஆனால் நஷ்டம் நமக்கு. "எங்களுக்கு ஒண்ணும் தெரியாதுன்னு வச்சுக்கிட்டு முழுசா சொல்லுங்க, தமிழ்லயே சொல்லுங்க" என்று முன்கூட்டியே கேட்டுக்கொள்ளுங்கள். அதன்பிறகு வருகிற கதைகளின் தரமே வேறு.

பணப் பேச்சு

உரிமம் பெற்றவர்கள் பொதுவாக அரைநாள், முழுநாள் என்றுதான் கணக்குச் சொல்வார்கள். அரைநாள் என்றால் நாலு மணி நேரம், முழுநாள் என்றால் எட்டு. கட்டணம் ஆளுக்கு இவ்வளவு என்று இருக்காது, குழுவுக்கு இவ்வளவு என்று இருக்கும். ஐந்து பேருக்கு மேல் போனால் கூடும். ஆகவே இரண்டு பேராகப் போவதை விட ஐந்து பேராகச் சேர்ந்து போவது லாபம். மஹால் நுழைவுச்சீட்டு, சிறப்பு தரிசனச் சீட்டு, டீ, டிபன் எல்லாம் கட்டணத்தில் சேருமா சேராதா என்பதை முதலிலேயே கேட்டுக்கொள்ளுங்கள். பெரும்பாலும் சேராது. டிபன் சாப்பிடும்போது அவரையும் கூட உட்காரவைத்துச் சாப்பிடுவதுதான் நம் வழக்கம், அதை மாற்ற வேண்டியதில்லை.

பேசிய தொகை, நேரம், சந்திக்கும் இடம் மூன்றையும் வாட்ஸ்அப்பில் ஒரு வரி எழுதி அனுப்பி அவரிடம் "சரி" வாங்கிவிட்டால் இரண்டு பக்கமும் நிம்மதி.

கடை விஷயமும் இங்கேயே பேச வேண்டியது. சில கைவினைக் கடைகள் ஆள் கூட்டி வருபவர்களுக்குக் கமிஷன் கொடுக்கின்றன. மொட்டை மாடியிலிருந்து கோபுரம் தெரியும் என்று அழைத்துப்போய், இறங்கும் வழியில் கம்பளம் விரித்துக் காட்டுவார்கள். உங்களுக்கு அதில் விருப்பம் இல்லையென்றால் "இன்னிக்கு கடை வேண்டாம்ணே" என்று முதலிலேயே சொல்லிவிடுங்கள், யாரும் வருத்தப்பட மாட்டார்கள். சுங்குடிச் சேலை வாங்கும் எண்ணம் இருந்தால் அதையும் முன்னாலேயே சொல்லுங்கள். சௌராஷ்டிர நெசவாளர் குடும்பங்கள் இருக்கும் மஹால் பக்கத்துத் தெருக்களில் விசாரித்து வாங்கலாம். சுங்குடிக்குப் புவிசார் குறியீடு கிடைத்தது 2005இல். துணியைத் திருப்பிப் பார்த்து, முடிச்சுப் போட்டுச் சாயம் ஏற்றிய புள்ளியா, அச்சடித்த புள்ளியா என்று காட்டச் சொல்லுங்கள். முடிச்சுப் புள்ளிகள் ஒன்றுபோல் ஒன்று இருக்காது. அச்சுப் புள்ளி வரிசை பிசகாமல் இருக்கும்.

காலை நடை: கோயிலிலிருந்து மஹால் வரை

கையில் குறைவாக எடுத்துக்கொள்ளுங்கள். தண்ணீர் பாட்டில், தொப்பி அல்லது குடை, சில்லறை. செருப்பு சுலபமாகக் கழற்றி மாட்டுகிற மாதிரி இருக்கட்டும், ஷூ வேண்டாம். கோயிலுக்குள் செல்போனுக்கு அனுமதி இல்லை, வாசலில் ஒப்படைத்துவிட்டுத்தான் போக வேண்டும். லாட்ஜ் பக்கத்தில் இருந்தால் போனை அறையிலேயே வைத்துவிட்டு, கோயில் முடிந்தபின் எடுத்துக்கொள்ளலாம். வேட்டி, பேண்ட், சேலை, சுடிதார் எதுவும் சரி. அரைக்கால் சட்டை கூடாது. கூட வரும் நண்பர்களில் வேற்று மதத்தவர் இருந்தால் கருவறைப் பக்கம் அனுமதி இல்லை என்பதை முன்னாலேயே சொல்லி வையுங்கள், வாசலில் நின்று சங்கடப்பட வேண்டாம்.

அம்மன் சன்னதி வாசலில் ஆரம்பியுங்கள். மதுரையில் அம்மனுக்குத்தான் முதல் மரியாதை. முதலில் வரும் அஷ்டசக்தி மண்டபத்தைக் கட்டியவர்கள் திருமலை நாயக்கரின் மனைவியர் என்று சொல்வார்கள். பொற்றாமரைக் குளக்கரையில் கொஞ்சம் உட்காருங்கள். தெற்குக் கோபுரம் முழுசாகத் தெரியும் இடம் அது. 1559இல் சிராமலை செவ்வந்தி மூர்த்திச் செட்டியார் கட்டியது, ஏறக்குறைய 160 அடி. ஓரங்கள் நேர்கோடாக இல்லாமல் உள்வாங்கி வளைந்து மேலே ஏறுவதைக் கவனியுங்கள். மற்ற மூன்று பெரிய கோபுரங்களையும் அதோடு ஒப்பிட்டுக் காட்டச் சொல்லுங்கள்.

உள்ளே நேரம் இழுக்க ஆயிரம் விஷயம் உண்டு. எனக்குப் பிடித்த மூன்றைச் சொல்கிறேன். முக்குறுணி விநாயகர், வெள்ளியம்பலத்தில் கால் மாறி ஆடும் நடராசர், கம்பத்தடி மண்டபத்தில் மீனாட்சி திருக்கல்யாணச் சிற்பம். விநாயகரின் முன்னால் நிற்கும்போது அவர் எங்கிருந்து வந்தார் என்று கேளுங்கள். மஹால் கட்டச் செங்கல்லுக்கு மண் எடுத்த பள்ளம்தான் வண்டியூர் தெப்பக்குளம் ஆனது, அந்த மண்ணைத் தோண்டும்போது கிடைத்தவர் இவர் என்பது ஊர் சொல்லும் வரலாறு. நடையின் கடைசியில் மஹால் தூணைத் தொடும்போது இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

இன்னொரு கேள்வியையும் கோயிலுக்குள்ளேயே கேட்டுவிட வேண்டும். 1939 ஜூலை 8ஆம் தேதி விடுதலைப் போராட்ட வீரர் வைத்தியநாத ஐயர் தலைமையில், கக்கன் உள்ளிட்டோர் இந்தக் கோயிலுக்குள் நுழைந்தார்கள். அதுவரை தாழ்த்தப்பட்டவர்கள் என்று ஒதுக்கப்பட்டவர்களுக்கு இந்த வாசல் மூடியிருந்தது. அன்று என்ன நடந்தது என்று சொல்லச் சொல்லிக் கேளுங்கள், குழந்தைகளைப் பக்கத்தில் நிறுத்திக்கொண்டு கேளுங்கள். மீனாட்சி கோயிலின் வரலாற்றில் எனக்கு இதைவிடப் பெரிய நாள் தெரியாது. அதைப் பற்றி ஒரு வார்த்தையும் சொல்லாமல் சுற்று முடிவதைக் கண்டால் எனக்கு மனசு ஆறுவதில்லை.

வெளியே வந்தால் டிபன் நேரம். எட்டு மணிக்குள் சாப்பிட்டுவிட்டுக் கிழக்குப் பக்கம் வந்துவிடுங்கள். இங்கேதான் நடை நிஜமாக ஆரம்பிக்கிறது.

எதிரே புதுமண்டபம். வசந்த விழாவுக்காகத் திருமலை நாயக்கர் கட்டியது. நம் தலைமுறைக்கு இது தையல்காரர்கள், பாத்திரக் கடைகள், புத்தகக் கடைகள் நிறைந்த இடமாகத்தான் தெரியும். தூணுக்குத் தூண் தையல் மிஷின் ஓடிக்கொண்டிருக்கும். சில ஆண்டுகளுக்கு முன் கடைகளைப் பக்கத்திலிருக்கும் குன்னத்தூர் சத்திரக் கட்டடத்துக்கு மாற்றினார்கள். உள்ளே தூண்களில் நாயக்க மன்னர்களின் உருவச்சிலைகள் வரிசையாக இருக்கின்றன, திருமலை நாயக்கர் தொந்தியும் கூப்பிய கையுமாக நிற்கிறார். பார்க்க அனுமதி இருக்கும் நாளா என்று வழிகாட்டி முன்கூட்டியே விசாரித்து வைத்திருக்க வேண்டும். சிற்பம் ஒரு பக்கம் இருக்கட்டும், கடைகள் இங்கிருந்து போனதைப் பற்றி அவர் என்ன நினைக்கிறார் என்றும் கேளுங்கள். சிலர் மண்டபம் பிழைத்தது என்பார்கள், சிலர் மண்டபத்தின் உயிர் போய்விட்டது என்பார்கள். எனக்கு இரண்டிலும் நியாயம் தெரிகிறது.

அதற்கு அடுத்து ராயகோபுரம். பலர் இதைக் கோபுரம் என்றே தெரியாமல் கடந்துபோவார்கள், ஏனென்றால் மேலே கோபுரம் இல்லை. அடித்தளமும், ஏறக்குறைய 50 அடி உயர ஒற்றைக்கல் வாசல் நிலைகளும் மட்டும் நிற்கின்றன. கட்டி முடித்திருந்தால் இப்போதிருக்கும் எந்தக் கோபுரமும் அதற்குப் பக்கத்தில் நிற்க முடியாது என்பது அடித்தளத்தைப் பார்த்தாலே புரியும். நிலைக்கு அருகில் போய் நின்று, அண்ணாந்து பாருங்கள். கொடிவேலைப்பாடு அடியிலிருந்து உச்சிவரை ஒரே சீராக ஏறுகிறது. கையால் தடவிப் பார்த்தால் உளி இறங்கிய ஆழம் விரலுக்குத் தெரியும். மேலே ஏற்ற வேண்டியது ஏறவில்லை, ஆனால் கீழே இருக்கிற வேலையில் ஒரு அவசரமும் கிடையாது. இந்த இடத்தில் பத்து நிமிடமாவது நிற்க வேண்டும். வழிகாட்டி நகர அவசரப்பட்டால் நீங்கள் நகராதீர்கள்.

ஏழுகடல் தெரு அங்கேயே ஒட்டினாற்போல் இருக்கிறது. மீனாட்சியின் தாய் காஞ்சனமாலை நீராட ஏழு கடலையும் சிவபெருமான் ஒரே இடத்துக்கு அழைத்தார் என்ற திருவிளையாடலோடு சேர்ந்த தெப்பம் இங்கே இருந்தது. இப்போது அந்த இடத்தில் கடை வளாகம். தெப்பம் எங்கிருந்து எங்குவரை இருந்தது என்று அவரை நடந்து காட்டச் சொல்லுங்கள். தண்ணீர் எங்கிருந்து வந்தது, எங்கே போனது என்று கேட்டுக்கொண்டே போனால் மதுரையைப் பற்றி வேறு எந்தக் கேள்வியிலும் கிடைக்காத பதில்கள் கிடைக்கும். அம்மன் சன்னதித் தெருவில் விட்டவாசலையும் பார்த்துவிடுங்கள். பாண்டியர் கோட்டையின் கிழக்கு வாசலில் மிஞ்சியது அதுதான்.

அப்புறம் கீழமாசி வீதி. தேர்கள் நிற்கும் தேரடியைப் பார்த்துவிட்டுத் தெற்கே திரும்பினால் மொத்த மளிகைக் கடைகள். மிளகாய் வத்தல், மல்லி, பருப்பு, புளி எல்லாம் மூட்டை மூட்டையாக இறங்கும். காற்றிலேயே காரம் இருக்கும், இருமல்காரர்கள் கைக்குட்டை வைத்துக்கொள்ளுங்கள். இங்கே படம் எடுப்பதை விட ஓரமாக நடப்பது முக்கியம். முதுகில் மூட்டையோடு வருபவர் நிற்க முடியாது, வழிவிட வேண்டியது நாம்தான். தேர் ஓடும் வீதி தினசரி வாழ்க்கையில் எப்படிப் புழங்குகிறது என்பதை இங்கே பார்க்கலாம். எந்தப் பொருள் எந்த ஊரிலிருந்து வருகிறது, எந்தச் சமூகத்தார் எந்த வியாபாரத்தில் எப்போது இறங்கினார்கள் என்று வழிகாட்டியிடம் கேளுங்கள். தெரியாவிட்டால் கடைக்காரரிடமே கேட்டுச் சொல்லச் சொல்லுங்கள். மதுரைக்காரர்கள் கேட்டால் சொல்வார்கள், நேரமிருந்தால் உட்காரவைத்தும் சொல்வார்கள்.

தெற்கு முனையில் விளக்குத்தூண். கோட்டையை இடித்த பிளாக்பர்னுக்காக நட்ட தூண். அதைச் சுற்றி ஜவுளிக் கடைகளும் ஜிகர்தண்டாக் கடைகளும் வந்துவிட்டதால், பேருந்துக்கும் ஆட்டோவுக்கும் அது ஓர் அடையாளம் மட்டும்தான். ஜிகர்தண்டா இங்கே சாப்பிடலாம். பால், கடல்பாசி, நன்னாரி சர்பத், ஐஸ்கிரீம் நாலும் சேர்ந்தால் வெயிலுக்கு அப்படி ஒரு இதம். தொண்டை கரகரக்கிறவர்கள் பருத்திப்பாலுக்குப் போங்கள்.

அங்கிருந்து பத்துத்தூண் சந்துக்குள் நுழையுங்கள். இரண்டு பக்கமும் நைட்டி, லுங்கி, துண்டு தொங்கும் கடைகள். நடுவில் திடீரென்று பிரமாண்டமான உருண்டைக் கல்தூண்கள். கடைப் பலகைக்கு மேலே நிமிர்ந்து பார்த்தால்தான் எவ்வளவு உயரம் என்று தெரியும். திருமலை நாயக்கரின் அரண்மனை இதுவரை நீண்டிருந்தது. தூணில் கட்டிய கயிற்றில் துணி தொங்கும், கீழே கடைக்காரர் டீ குடித்துக்கொண்டிருப்பார். தொட்டுப் பாருங்கள், யாரும் தடுக்க மாட்டார்கள்.

இந்தத் தூண்களைப் பார்த்துவிட்டு மஹாலுக்குப் போவதுதான் சரியான வரிசை. நேராக மஹாலுக்கு வருகிறவர்கள் ஒரு பெரிய மண்டபத்தைப் பார்க்கிறார்கள். பத்துத்தூண் வழியாக வருகிறவர்களுக்கு, இழந்தது எவ்வளவு என்பது காலிலேயே பதிந்திருக்கும். 1636இல் கட்டிய அரண்மனையில் நாலில் ஒரு பங்குதான் இப்போது மிச்சம் என்கிறார்கள். பேரன் சொக்கநாத நாயக்கர் திருச்சிக்குத் தலைநகரை மாற்றியபோது இங்கிருந்து பெயர்த்தெடுத்துக்கொண்டு போனது போக, சிதைந்தது போக, 19ஆம் நூற்றாண்டில் கவர்னர் நேப்பியர் பழுதுபார்த்துக் காப்பாற்றியது இந்தப் பகுதி. பின்னால் நீதிமன்றமாகவும் இருந்தது. சந்தில் வெறும் கல்லாக நின்ற தூண், இங்கே சுதைப் பூச்சோடும் வளைவுகளோடும் எப்படி இருந்திருக்கும் என்று தெரிகிறது. அரசவை மண்டபமான சொர்க்கவிலாசத்தின் கூரையைப் பார்க்கத் தரையில் உட்கார்ந்துவிடுங்கள், கழுத்து வலிக்காது. சுவரில் பேர் எழுதி வைத்தவர்களைப் பற்றி உங்கள் பிள்ளைகளுக்கு நீங்களே சொல்லுங்கள்.

இங்கேயே முடித்துக்கொள்ளலாம். இன்னும் தெம்பிருந்தால் கீழவெளி வீதியில் புனித மரியன்னை பேராலயம் பக்கத்தில்தான்.

பெரியவர்களும் குழந்தைகளும் இருந்தால்

முழங்கால் வலி இருக்கும் பெரியவர்களுக்கு இந்த நடை முழுதும் வேண்டாம். கோயிலும் ராயகோபுரமும் அவர்களோடு. அங்கிருந்து அவர்களை ஆட்டோவில் மஹாலுக்கு அனுப்பி நிழலில் உட்காரவைத்துவிட்டு மற்றவர்கள் நடந்து சேரலாம். தனியாக வழிகாட்டி வைப்பதில் பெரிய சௌகரியமே இதுதான், யாருக்காகவும் நேரத்தை மாற்றிக்கொள்ளலாம். கழிப்பறை வசதி எங்கே என்று ஆரம்பத்திலேயே கேட்டு வைத்துக்கொள்ளுங்கள். பழைய நகருக்குள் அது எளிதில் கிடைக்காது. டிபன் சாப்பிடும் ஓட்டல்தான் நம்பிக்கையான இடம்.

இரண்டாம் பாதி: மாலையில் மேற்குப் பக்கம்

ஒரே நாளில் காலையும் மாலையும் நடப்பதை விட, ஒரு இரவு தங்கி மறுநாள் மாலை வைத்துக்கொள்வது நல்லது. மாலை நாலரைக்குக் கூடலழகர் கோயில். 108 திவ்யதேசங்களில் ஒன்று. விமானத்தில் இருந்த, நின்ற, கிடந்த மூன்று கோலங்களும் ஒன்றன்மேல் ஒன்றாக. அதன் தெப்பக்குளம் டவுன்ஹால் ரோட்டில் இருக்கிறது. சுற்றிலும் கடைகள் மறைத்துக்கொண்டதால் அங்கே குளம் இருப்பதே ரோட்டில் போகிறவர்களுக்குத் தெரியாது. வழிகாட்டி எந்த இடைவெளியில் நின்றால் தெரியும் என்று காட்டுவார். பக்கத்திலேயே காஜிமார் பெரிய பள்ளிவாசல், 13ஆம் நூற்றாண்டிலிருந்து இருப்பதாகச் சொல்லப்படுவது. தொழுகை நேரம் பார்த்து, உள்ளே வரலாமா என்று கேட்டுவிட்டுப் போங்கள்.

அடுத்து மேலமாசி வீதி. 251ஏ எண் வீடு. 1921 செப்டம்பரில் காந்தி இங்கே தங்கினார். 22ஆம் தேதி காலை, சட்டையும் தலைப்பாகையும் விட்டு இடுப்பில் ஒரு துணியோடு இந்த வீட்டிலிருந்து வெளியே வந்தார். கடைசிவரை அந்த உடைதான். இப்போது அங்கே கதர் விற்பனை நிலையம் இருக்கிறது. கடை சாத்துமுன் போய்விடுங்கள். அந்த உடையோடு அவர் முதலில் மக்கள்முன் நின்ற இடம் காமராஜர் சாலையில் இருக்கும் காந்தி பொட்டல். அது கிழக்கே தூரம், ஆட்டோ வைத்துக்கொள்ளுங்கள்.

இரவு ஒன்பது மணி வாக்கில் பள்ளியறை பூஜை. சுந்தரேசுவரரின் திருவடிகள் பல்லக்கில் அம்மன் சன்னதிக்கு எழுந்தருளும். எட்டரைக்குள் உள்ளே போய் இடம் பிடித்துக்கொள்ள வேண்டும், போனை ஒப்படைக்கும் நேரத்தையும் சேர்த்துக் கணக்குப் போடுங்கள். இதற்கு வழிகாட்டி கூட வரவேண்டிய அவசியமில்லை. வாசலிலேயே அவருக்கு விடைகொடுத்து, பேசிய தொகையை முழுசாகக் கையில் கொடுங்கள். மனசுக்குப் பிடித்திருந்தால் மேலே கொஞ்சம் சேர்த்துக் கொடுங்கள், அவர் நம்பரை அடுத்து வரும் உறவினர்களுக்கும் அனுப்புங்கள். தெருக்களைப் படித்து வைத்திருக்கும் இவர்களுக்கு ஆண்டு முழுவதும் வேலை இருப்பதில்லை. வெளிநாட்டுப் பயணிகள் அதிகம் வராத மாதங்களில் கூப்பிட்டீர்கள் என்றால் விடியற்காலை ஐந்தரைக்கே வந்து நிற்பார்கள். வெயில் ஏறுமுன் முழு நடையையும் முடித்துவிடலாம்.